பேசாத வீடு

“அக்கா, மாமா உன்ன ஜாடியில போட்டு மூடி, லேபிளும் ஒட்டிட்டாரு. இந்த வாரப் பத்திரிகைய வாங்கிப் பாரு.”

போனில் தங்கை சிரிக்கத்தான் பார்த்தாள். சிரிப்பு வரவில்லை.

அக்கா பல் செட் செய்யும் கூடத்தில் வேலை செய்பவள். உருக்கிக்கொண்டிருந்த மெழுகை அப்படியே விட்டு, அடுப்பை அணைத்தாள். தெருமுனைக் கடையில் பத்திரிகை வாங்கி, நின்றபடியே படித்தாள்.

மனித நடத்தையை ஆராய்கிறவர் அவள் கணவர். மணவாழ்வைப் பற்றி அவர் எழுதும் தொடரின் முதல் பகுதி அது. பெயர் எதுவும் இல்லை. ஆனால் அதில் வரும் வீடு அவளுடையது. எதைக் கேட்டாலும் தலையை மட்டும் ஆட்டும் கணவன். சாப்பாட்டு மேசையில் கரண்டிச் சத்தம். யாருமில்லை என்று நினைத்துத் துணி துவைக்கும் மெஷினோடு பேசும் மனைவி.

அதை அவர் கேட்டிருக்கிறார் என்பதே அவளுக்கு இப்போதுதான் தெரியும்.

போன வருடம், அந்த மௌனம் தாங்காமல், அவள் பெட்டி கட்டியாகிவிட்டது. தங்கையின் ஊரில் வேலையும் தயாராக இருந்தது. கிளம்புவதற்கு முந்தைய மாலை, அவர் சமையலறைக்கு வந்து ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். “இன்னிக்கு வேலையெல்லாம் எப்படிப் போச்சு?” என்றார். அவள் பெட்டியை அவிழ்த்துவிட்டாள்.

அதன்பின் தினமும் கேட்டார். புதுப் பல் செட்டிலும் பழைய இடைவெளி இருந்தாக வேண்டும், இல்லாவிட்டால் பேத்திக்குத் தன்னை அடையாளம் தெரியாது என்று அடம்பிடித்த பெரியவரைப் பற்றிச் சொன்னபோது, கண்ணில் நீர் வரச் சிரித்தார். அவர் வேலை செய்யும் ஆய்வு நிலையத்துக்கு விடுமுறை விட்ட நாட்களில் மட்டும் பழையபடி வாயைத் திறக்கவில்லை. அலுப்பாக இருக்கும் என்று அவள் விட்டுவிட்டாள்.

தங்கை மறுபடி அழைத்தாள். அந்த வேலை மீண்டும் காலியாக இருக்கிறதாம். இன்றைக்குள் பதில் சொல்ல வேண்டுமாம். இனியும் என்ன யோசனை என்று கேட்டாள்.

யோசனை இருந்தது. கோபத்துக்குப் பின்னால் ஒரு நிம்மதி எட்டிப் பார்த்தது. அத்தனை வருட மௌனமும் ஆராய்ச்சிதான் என்றால், அது வெறுப்பு இல்லை. துரோகம்தான். ஆனால் முடிந்துபோன துரோகம். அவரைக் கேட்டுவிட்டுச் சொல்கிறேன் என்றாள்.

மாலை அவர் வழக்கம்போல ஸ்டூலில் வந்து உட்கார்ந்தார். வேலை எப்படிப் போனது என்று அவர் கேட்பதற்குள் பத்திரிகையை முன்னால் வைத்தாள்.

பெயர் போடவில்லை, யாருக்கும் தெரியாது என்று ஆரம்பித்தார். அவள் கையைக் காட்டி நிறுத்தினாள்.

“ஊருக்குத் தெரியறதப் பத்தி நான் கேக்கல. இத்தன வருஷம் எங்கிட்ட பேசாம இருந்தீங்களே, அது இதுக்காகத்தானே? ஆமான்னு ஒரு வார்த்த சொல்லுங்க. மன்னிச்சுடறேன்.”

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பொய் சொல்லிப் பழக்கமில்லாத மனிதர்.

“பேசாம இருந்தது சும்மாதான்,” என்றார். “பேச ஆரம்பிச்சதுதான் ஆராய்ச்சி.”