கயிற்றைப் பிடித்த கை

மே மாத வெயிலில் கம்பளிக் கையுறை போட்டுக்கொண்டு நூலகத்துக்கு வந்திருந்த ஒரே ஆள் ஹெஸ்டர் கிழவிதான்.

அவள் இந்த ஊருக்குக் குடிவந்த நாளிலிருந்தே அப்படித்தான். எண்பது தாண்டியவளுக்குக் குளிரத்தான் செய்யும் என்று ஊரும் விட்டுவிட்டது.

எதிரே மேசையில் அவள் மகள் இடெல்லா தன் புத்தகத்தைத் தானே வாசித்துக்கொண்டிருந்தாள். நெப்ராஸ்கா புல்வெளியில், மண்கட்டிகளை அடுக்கிக் கட்டிய வீட்டில் தான் வளர்ந்த கதை. தரையில் பிள்ளைகள் வாயைப் பிளந்து உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுக்கு அது மனப்பாடம். ஒரு வரியை விட்டுவிட்டு வாசித்தால் உடனே பிடித்துவிடுவார்கள்.

பனிப்புயல் அத்தியாயம். வீட்டுக் கதவிலிருந்து மாட்டுக் கொட்டகை வரைக்கும் ஒரு கயிறு. அதை விட்டுவிட்டால் தன் வாசலுக்குப் பத்தடி தள்ளியே ஆள் வழிதெரியாமல் விறைத்துப் போவான். உள்ளே ஆறு வயதுப் பெண் காய்ச்சலில் கிடக்கிறாள். அவளுக்குப் பால் வேண்டும்.

அப்பா போகிறார். திரும்பும்போது இடது கையில் பால் வாளி. கயிற்றின்மேல் பனி உறைந்துகிடக்கிறது. கையுறை போட்ட கைக்குக் கயிறு எது, காற்று எது என்று தெரியவில்லை. பல்லால் இழுத்து வலது கையுறையைக் கழற்றிவிடுகிறார். வெறுங்கையால் தடவித் தடவி வீடு வந்து சேருகிறார். பிறகு அந்தக் கையில் இரண்டு விரல்கள் பனியில் கறுத்து, போய்விடுகின்றன.

"மிஸ், பால் சிந்துச்சா?" என்றாள் பெர்னீஸ். முன்பல் விழுந்த பெண்.

இத்தனை வருடத்தில் யாரும் கேட்காத கேள்வி. "நான் உள்ளே படுத்திருந்தேனே, பார்க்கலையே," என்றாள் இடெல்லா. பிடிபட்டதுபோல் அவளுக்கு முகம் சூடானது.

புத்தகத்தை மூடியதும் நூலகர் ப்ரூவிட் பென்சிலும் துண்டுச்சீட்டுமாக வந்து நின்றார். நூலக வாசலில் அந்த அப்பாவுக்கு ஒரு நினைவுக்கல் வைப்பதென்று ஊர் முடிவு செய்திருந்தது. மாலைக்குள் கல்தச்சருக்குப் பெயர் போய்ச் சேர வேண்டும்.

"உங்கப்பா முழுப்பேர் சொன்னீங்கன்னா எழுதிக்குவேன்."

இடெல்லா அம்மாவைப் பார்த்தாள். அம்மா ஜன்னலைப் பார்த்தாள்.

காலையில் காரில் வரும்போதே இதற்கு ஒரு சண்டை நடந்து முடிந்திருந்தது.

"கல்லுதானே, வெச்சுட்டுப் போறாங்க. நீ வாயைத் திறக்காதே."

"பொய்யைக் கல்லுல வெட்டச் சொல்றியாம்மா?"

"புஸ்தகத்துல எழுதறப்போ இனிச்சுதாக்கும்?"

"நீதானே அப்படி எழுதச் சொன்னே?"



புத்தகமாக இருந்தவரை இடெல்லாவுக்கு உறுத்தியதில்லை. கதை என்றால் கொஞ்சம் முன்னே பின்னேதான் இருக்கும். கல் என்றதும் உறுத்த ஆரம்பித்துவிட்டது. தானும் அம்மாவும் போன பிறகும் அது அங்கேயே நின்று அதையே சொல்லிக்கொண்டிருக்கும்.

"கொஞ்சம் பொறுங்க," என்றாள் ப்ரூவிட்டிடம்.

பிள்ளைகள் கை குலுக்க வரிசையில் வந்தார்கள். இடெல்லாவிடம் குலுக்கிவிட்டு, மரியாதைக்குக் கிழவியிடமும் குலுக்க வேண்டும் என்பது அந்த ஊர் வழக்கம். ஹெஸ்டர் எல்லோருக்கும் இடது கையையே நீட்டினாள். வயசானவர்கள் எந்தக் கையை நீட்டினால் என்ன என்று பிள்ளைகளும் வாங்கிக் குலுக்கிவிட்டுப் பலகாரத் தட்டுக்கு ஓடினார்கள்.

பெர்னீஸ் மட்டும் ஒழுங்கானவள். கிழவியின் மடியில் கிடந்த வலது கையைத் தானே எடுத்து இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

பிடித்தவள் விடவில்லை.

கையுறையின் கடைசி இரண்டு விரல்களை மெல்ல அழுத்திப் பார்த்தாள். பஞ்சுதான் இருந்தது.

மேசையில் கிடந்த புத்தகத்தின் அட்டையில், தாடி வைத்த ஒருவர் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றார். பெர்னீஸ் அவரைப் பார்த்தாள். கிழவியைப் பார்த்தாள். பிறகு யாருக்கும் கேட்காதபடி குனிந்து கேட்டாள்.

"பால் சிந்துச்சா?"

ஹெஸ்டர் கையை இழுத்துக்கொள்வாள் என்றுதான் இடெல்லா நினைத்தாள். அந்தப் புயலுக்கு முந்தின இலையுதிர்காலத்தில் ரயில்பாதை வேலைக்கென்று போன அப்பா திரும்பி வரவே இல்லை என்பதை அம்மா ஐம்பது வருடமாக யாரிடமும் சொன்னதில்லை. அப்பா இல்லாத வீட்டைப் பற்றிப் பிள்ளைகள் எதற்குப் படிக்க வேண்டும் என்று கேட்டவள் அவள்.

ஹெஸ்டர் கையை இழுக்கவில்லை.

"பாதி போச்சுடி கண்ணு," என்றாள். "மீதியை உங்க மிஸ்தான் குடிச்சா."

இடெல்லாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. பாதி சிந்தியது அவளுக்கே இதுவரை தெரியாது.

பின்னால் நின்ற ப்ரூவிட் கையுறையைப் பார்த்தார், அட்டையைப் பார்த்தார். நல்ல மனுஷன், புரிந்துகொண்டார். கிழவியின் பக்கம் வந்து நின்றார்.

"அம்மா, உங்க முழுப்பேர்?"

ஹெஸ்டர் நிமிர்ந்து அவர் கையிலிருந்த பென்சிலைப் பார்த்தாள்.

"அந்தப் புயல்லயும் பால் குடுத்துச்சே, அந்தப் பசுவோட பேரையும் சேத்துப் போடுவீங்கன்னா சொல்றேன்."