சொந்த வாக்கியம்

"உங்க பொண்ணு என்ன எழுதியிருக்கான்னு பாருங்க."

தலைமை ஆசிரியை நீட்டிய நோட்டை அவள் இரண்டு கையாலும் வாங்கினாள். எல்லாம் இங்கிலீஷ். ஓரத்தில் சிவப்பு மையில் ஒரு 'டிக்'. ரைட்டுதானே போட்டிருக்கு என்று லேசாகச் சிரித்தாள்.

"சிரிக்காதீங்கம்மா. 'ரூத்லெஸ்'னு ஒரு வார்த்தை. இரக்கமில்லாத, ஈரமில்லாத, கல்நெஞ்சுக்கார... டீச்சர் மூணு அர்த்தம் சொல்லிக் குடுத்து, சொந்தமா வாக்கியம் எழுதச் சொல்லியிருக்காங்க. உங்க பொண்ணு எழுதினது இது: 'எங்க அம்மா ரூத்லெஸ். தம்பிக்குக் காய்ச்சல். அவன் அழ அழ விட்டுட்டு வேலைக்குப் போயிட்டாங்க.'"

சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது.

பீரோ பக்கத்தில் நின்ற வகுப்பு டீச்சர் வருகைப் பதிவேட்டைப் புரட்டிக்கொண்டிருந்தாள்.

"நிஜமா?" என்றாள் தலைமை ஆசிரியை.

"ஆமாங்க மேடம். எதிர்வீட்டு அக்காகிட்ட விட்டுட்டுப் போனேன்."

"ஒரு நாள் லீவு கேக்கக் கூடாதா?"

"கேட்டேங்க. வரலைன்னா வேற ஆள் பாத்துக்கறேன்னுட்டாங்க."

"அப்படி என்ன வேலை?"

"ஒரு வீட்டுல கைக்குழந்தையைப் பாத்துக்கறேங்க."

"அடப்பாவமே! கையில குழந்தையை வெச்சிருக்கிறவளா இப்படிச் சொன்னா? யாரும்மா அந்த மகராசி?"

அவள் தரையைப் பார்த்தாள்.

"அவங்களும் வேலைக்குப் போறவங்கதான். பாவம், அவங்க என்ன செய்வாங்க?"

டீச்சர் பதிவேட்டைப் பட்டென்று மூடினாள்.

"அடுத்தவங்களைச் சொல்லி என்ன மேடம்? பெத்தவளுக்கு இருக்கணும். யார்கிட்டயோ விட்டுட்டுப் போறோமே, அழுமேன்னு ஒரு தவிப்பு வேண்டாம்?"

"டீச்சர் சொல்றது சரிதாம்மா. இனிமே இப்படிச் செய்யாதீங்க."

"சரிங்க மேடம்." நோட்டை மேசையில் வைத்தாள். முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "பொண்ணைத் திட்டிடாதீங்க. அவ எழுதினது சரிதான்."

வெளியே வந்து மாடிப்படி இறங்கினாள். பின்னாலேயே தடதடவென்று செருப்புச் சத்தம். டீச்சர்தான்.

மேலேயும் கீழேயும் ஒரு தரம் பார்த்துக்கொண்டு, அவள் கையை இறுக்கிப் பிடித்தாள்.

"என் குழந்தையை யார்கிட்ட விட்டுட்டு வந்தே? அழுமே!"