பப்பன் ஆன்லைனில் இருக்கிறான்

"அங்கிள், இதைக் குறைச்சா உங்க மோன் கிடைக்க மாட்டான், கேட்டோ. பின்னே என்னைக் குறை சொல்லப்பிடாது."

ஷில்பா மவுஸை விட்டுவிட்டு நெல்லையப்பனைப் பார்த்தாள். சாலை என்கிற கடைத்தெருவில் மாடிமேல் இன்டர்நெட் கஃபே நடத்துகிறவள் அவள். கீழே நாலு கடை தள்ளி மொத்தப் பலசரக்கு வியாபாரம் செய்கிறவர் அவர். அறுபதை நெருங்குகிற வயதில், பிளைவுட் தடுப்புக்குள் உட்கார்ந்து திரைச்சீலையை இழுத்து மூடிக்கொண்டு துப்பாக்கி விளையாட்டு ஆடுகிறவர் திருவனந்தபுரத்திலேயே அவர் ஒருவராகத்தான் இருப்பார்.

"ஏன் மோளே கிடைக்க மாட்டான்?"

"இதுதான் பிங். நம்ம கம்ப்யூட்டர்ல இருந்து தகவல் போயிட்டுத் திரும்பி வர்ற நேரம். தூரம் கூடினா இதுவும் கூடும். குறைச்சு வச்சா, பக்கத்துல உள்ள ஆளுங்களை மட்டும்தான் நம்மகூட சேர்த்து விடும். மோன் பெங்களூர்ல அல்லே?"

"அப்படித்தான் சொல்லுதாவ."

சொன்னவர்கள் யாரும் நேரில் பார்த்தவர்கள் இல்லை. விளையாட்டே கதி என்று கிடந்த மகன் அனந்தபத்மநாபனின் கம்ப்யூட்டரை அவர் ஒருநாள் தூக்கித் தெருவில் போட்டு உடைத்தார். அன்று வீட்டை விட்டுப் போனவன்தான். போனும் இல்லை, தகவலும் இல்லை. மனைவி பாகீரதி அதற்குப் பிறகு அவரிடம் பேசுவது குழம்பு வேண்டுமா, மோர் வேண்டுமா என்பதோடு சரி. கோபம் ஆறிய பிறகு மனிதருக்குப் புத்தி வந்தது. வந்து என்ன செய்ய?

ஷில்பாதான் வழி சொன்னாள். எங்கே இருந்தாலும் பையன் அந்த விளையாட்டை விட்டிருக்க மாட்டான், பப்பன் என்ற அவனுடைய விளையாட்டுப் பெயரை வைத்துத் தேடலாம் என்றாள். யாரோடு சேர்ந்து ஆட விருப்பம் என்று கேட்கும் பக்கத்தைத் திறந்து ஒவ்வொன்றாக மாற்றிக் கொடுத்தாள். மொழி தமிழ். மைக் வேண்டாம். பப்பன் இருந்தால் அவன் ஆடும் ஆட்டத்திலேயே சேர்த்துவிடு.

ஒரு சாயங்காலம் பப்பன் வந்தேவிட்டான். சொந்த இடம் எது என்று கேட்டார். சாலை என்று பதில் வந்தது. எங்கே போனாலும் பிறந்த இடத்தை மறக்கவில்லையே என்று வேட்டி நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அப்பா என்று தெரிந்தால் ஓடிவிடுவானே. அதனால் நண்பன் என்று தனக்கு ஒரு பெயர் வைத்துக்கொண்டார். பப்பன் அவரைச் சுடுவதில்லை, அவரும் அவனைச் சுடுவதில்லை. குண்டு பறக்கிற இடத்தில் ஒரு சுவரோரமாக நின்றுகொண்டு, ஆங்கில எழுத்தில் தமிழைத் தட்டிப் பேசிக்கொள்வார்கள். சாப்பிட்டியா, உடம்பு எப்படி, அவ்வளவுதான் பேச்சு. அதற்குள் எங்கிருந்தோ ஒருவன் வந்து இரண்டு பேரையும் சுட்டுத் தள்ளிவிடுவான்.

"முன்னால நல்லா சுடுவான்னு அவன் கூட்டாளிமாரு சொல்லுவாவ. இப்போ செவுத்துல முட்டிட்டு நிக்கான் பய. தூரத்து ஆளுகள ஒழிச்சாத்தான் நாங்க நிம்மதியா பேச முடியும். நீ குறை மோளே. அவன் போயிட்டா, திரும்ப மாத்திக்கிடலாம்."

ஷில்பா தயங்கித் தயங்கி, இந்த ஊர் ஆட்கள் மட்டும் வரும்படி குறைத்தாள். பெயர்கள் குறைந்து, மிச்சம் நாலைந்து நின்றன. அதில் பப்பனும் இருந்தான்.

"அங்கிள், மோன் பெங்களூரில இல்ல. நம்ம திருவனந்தபுரத்துலதான் இருக்கான்."

நெல்லையப்பன் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். இத்தனை நாளும் இதே ஊரில் இருந்துகொண்டா வீட்டுக்கு வராமல் இருக்கிறான்? அவ்வளவு வெறுப்பா?

"இன்னும் குறை."

"இதுக்கு மேல குறைச்சா யாரும் வர மாட்டாங்க அங்கிள்."

"குறைன்னு சொல்லுதேன்லா."

ஒரே கட்டடத்துக்குள் விளையாடுகிறவர்களுக்காக வைத்த கடைசி அளவு அது. ஷில்பா அதைத் தொட்டாள். மற்றவர்கள் எல்லாரும் மறைந்து போனார்கள். நண்பனும் பப்பனும் மட்டும் எதிரெதிரே நின்றார்கள்.

ஷில்பா திரையையே வெறித்துப் பார்த்தாள். "அங்கிள், அவன் இந்தக் கடையிலதான் இருக்கான். இங்க ஏதோ ஒரு கேபினுக்குள்ள."

திரைச்சீலைக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள், என்ன செய்கிறார்கள் என்று எட்டிப் பார்க்கிற வழக்கம் அவளுக்கு இல்லை. அப்படிப் பார்த்தால் கடைக்கு ஆள் வராது. நெல்லையப்பனோ எதையும் யோசிக்கிற நிலையில் இல்லை. 'போயிராத மக்கா, அங்கேயே இரு' என்று தட்டினார். எழுந்து வெளியே வந்து வரிசையாகத் திரைச்சீலைகளை விலக்கிக்கொண்டு போனார். ஒரு கல்லூரிப் பையன் முறைத்தான். ஒரு ஜோடி பதறி விலகியது. காலைப் பிடித்தாவது மகனை வீட்டுக்குக் கூட்டிப்போய்விட வேண்டும் என்பது ஒன்றுதான் நினைப்பு.

கடைசித் திரையை விலக்கினார்.

உள்ளே பாகீரதி உட்கார்ந்திருந்தாள். கோயிலுக்குப் போவதாகச் சொல்லிவிட்டுத் தினமும் சாயங்காலம் கிளம்புகிறவள். அவரைப் பார்த்து அவள் பயப்படவில்லை. எத்தனையோ காலத்துக்குப் பிறகு அவர் கையைப் பிடித்துப் பக்கத்தில் இழுத்தாள்.

"சத்தம் போடாதீங்க. நம்ம அனந்து கிடைச்சுட்டான்."

"எங்க?"

"அவன் பாஸ்வேர்டு எனக்குத் தெரியும். சோத்துத் தட்டோட பக்கத்துல நின்னு எத்தனை நாள் பார்த்திருக்கேன். பப்பன்னு அவன் பேர்லயே நான் உள்ள வந்தேன், அவனைத் தெரிஞ்சவங்க யாராவது பேசுவாங்கன்னு. அவனே வேற பேர்ல வந்துட்டான். என்னைச் சுடவே மாட்டான். தெனமும் சாப்பிட்டியான்னு கேப்பான்." அவள் விசைப்பலகையை அவர் பக்கம் நகர்த்தினாள். "நீங்களும் ஒரு வார்த்தை பேசுங்க. அப்பான்னு மட்டும் சொல்லாண்டாம், ஓடிருவான்."

அவள் விரல் காட்டிய இடத்தில், நண்பன் என்ற பெயருக்கு நேரே, 'போயிராத மக்கா, அங்கேயே இரு' என்று இருந்தது.