எண் மட்டும் பாக்கி

"இஷ்டம் இருந்தா கோர்ட்டுக்குப் போ. யார் தடுத்தாங்க?"

என்ஜினீயர் வேதசிரோமணி நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. எதிரே நின்ற கான்ட்ராக்டர் ஜெயவேலுவுக்குக் காது மடல் சூடேறியது. தாம்பரம் ஆபீசுக்கு இது அவருடைய பதினோராவது நடை.

"சார், மழைநீர்க் கால்வாய் டெண்டர் தொறந்து நாலு மாசம் ஆவுது. நம்மளுதுதான் கம்மி ரேட்டு. குடுங்க, இல்லாட்டி இல்லேன்னாவது சொல்லுங்க. ஐப்பசி மழை வந்தா அனகாபுத்தூர்ல தறிக்குழி பூரா தண்ணி பூந்துடும். போன வருசம் எங்க தெருவுல ஒரு தறி ஓடல."

"பரிசீலனையில இருக்கு."

"அது எப்போ சார் முடியும்?"

"பரிசீலனை முடியும்போது." வேதசிரோமணி பக்கத்தைப் புரட்டினார். "கோர்ட்டுக்குப் போக ரோஷம் வேணும். அது உன்கிட்ட இல்லை. போய் டீ குடி."

டைப்பிஸ்ட் கனகவல்லி வாயைப் பொத்திக்கொண்டு குனிந்தார்.

டீக்கடையில் மச்சான் தனசிங் காத்திருந்தான்.

"இன்னா மச்சான், கை நீட்றாரா?"

"நீட்டினா ஊர் பூரா சொல்லி நாறடிச்சிருப்பேன். ஒரு டீகூட வாங்கிக்க மாட்றாரு. சும்மா குந்திகினு பேஜார் பண்றாரு."

"அப்போ போடு கேஸை."

போட்டார். வக்கீல் ஞானஜோதி ரிட் மனு எழுதினார். ஹைகோர்ட் நீதிபதி தெளிவாகச் சொல்லிவிட்டார்: டெண்டரை யாருக்குக் கொடுப்பது என்பது என்ஜினீயரின் வேலை, கோர்ட்டின் வேலை அன்று. ஆனால் கொடுப்பதோ மறுப்பதோ, இரண்டு வாரத்துக்குள் முடிவைச் சொல்லியாக வேண்டும்.

அதாவது, 'இல்லை' என்று சொல்லவும் வேதசிரோமணிக்கு முழு உரிமை உண்டு. தன்னைக் கோர்ட்டுக்கு இழுத்தவனிடம் ஒரு மனிதர் வேறென்ன சொல்வார்? தீர்ப்பு நகலோடு மின்சார ரயிலில் திரும்பும்போதுதான் ஜெயவேலுவுக்கு இது உறைத்தது. ரயில் ஏறியதுமே போடும் வெற்றிலையைப் பல்லாவரம் வந்தும் அவர் போடவில்லை.

மறுநாள் வேதசிரோமணி நகலை வரி விடாமல் படித்தார். மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு இன்னொரு முறை படித்தார்.

"ரோஷம் வந்துடுச்சு போல."

"தப்பா நெனைச்சுக்காதீங்க சார்."

"கனகவல்லி, அந்த ஆர்டரை எடும்மா."

கனகவல்லி அடி இழுப்பறையிலிருந்து ஒரு தாளை எடுத்து, டைப்ரைட்டரில் சொருகி, சில தட்டுகள் தட்டினார். வேதசிரோமணி பச்சை மையில் கையெழுத்துப் போட்டார். "மழைக்குள்ள கால்வாயை முடிக்கலேன்னா நான் கோர்ட்டுக்குப் போவேன்" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கக் கிளம்பினார்.

வேலை ஜெயவேலுவுக்குத்தான். அவர் மூன்று முறை படித்துப் பார்த்துவிட்டார்.

"ஒரு பக்கத்தை ஒரு நிமிசத்துல அடிச்சிட்டீங்களேம்மா."

"இன்னைக்கு அடிச்சது எண்ணும் தேதியும் மட்டும்தான்."

ஜெயவேலு தாளை வெளிச்சத்தில் பிடித்தார். ஓரமெல்லாம் சுருண்டிருந்தது. தலைப்பில், 'பார்வை: உயர் நீதிமன்ற ஆணை, ரிட் மனு எண்' என்பது மங்கிப்போன எழுத்து. அதற்குப் பக்கத்திலிருந்த எண் மட்டும் புத்தம் புதுக் கறுப்பு.

"இத்த எப்போ அடிச்சீங்க?"

"ஏப்ரல்ல. 'வேற ஒருத்தருக்குக் குடுக்கணும், நிறுத்தி வை'ன்னு மேலேர்ந்து போன் வந்த அன்னிக்கே. அதை மீறிக் கையெழுத்துப் போட்டா, சாரை எங்கேயாவது தூக்கி அடிச்சிட்டு இந்த ஆர்டரையும் கிழிச்சுப் போட்டிருப்பாங்க. கோர்ட்டே கெடு வெச்சா யாரும் வாய் திறக்க முடியாதே."

கனகவல்லி அன்றுபோலவே வாயைப் பொத்திக்கொண்டார்.

"சார் தினமும் சாயங்காலம் என்கிட்ட புலம்புவார். 'ஒரு முடிவெடுக்க இந்த ஜெயவேலுவுக்கு இவ்வளவு தாமதமா?'ன்னு."