இனி உங்களோடுதான்

ஏழு முறை ஜெயித்த எம்.எல்.ஏ., இனித் தேர்தலில் நிற்கப்போவதில்லை என்றும், மிச்சக் காலத்தைத் தொகுதி மக்களோடே கழிக்கப்போவதாகவும் காலையில் அறிவித்தார். மதியத்துக்குள் ஊரே அவர் வாசலில் திரண்டுவிட்டது.

"ஐயா, உங்களை விட்டா சட்டசபையில எங்களுக்கு யாருங்க இருக்கா?" என்று மருந்துக்கடைக்காரர் கண் கலங்கினார்.

"பாலம், ஆஸ்பத்திரி, காலேஜ், எல்லாமே உங்களால வந்தது. இந்தத் தடவையும் நீங்கதான் நிக்கணும்" என்றார் தலைமையாசிரியை.

"எழுபத்தஞ்சு வயசாச்சும்மா. இனிமே உங்க கூடவே இருந்து..."

"ஐயையோ, வேண்டாங்கய்யா!" என்று பத்துப் பேர் ஒரே குரலில் அலறினார்கள்.

அந்தப் பாசத்தில் அவர் உருகிப்போனார். யாரோ தயாராகக் கொண்டு வந்திருந்த வேட்புமனுவில் அங்கேயே கையெழுத்துப் போட்டுவிட்டு உள்ளே போனார். மூக்குக்கண்ணாடியை மறந்துவிட்டது நினைவுக்கு வர, திரும்பி வந்தார். கேட் பக்கம் பேச்சுக் குரல் கேட்டது.

"போன சட்டசபை லீவுக்கு ஊருக்கு வந்தப்போ தினமும் காலையில அஞ்சு மணிக்குக் கதவைத் தட்டி, குழாயில தண்ணி வருதான்னு கேட்டாரு" என்றார் மருந்துக்கடைக்காரர்.

"என் ஸ்கூல்ல மூணு மணி நேரம் பேசினாரு. ரெண்டு பிள்ளைங்க மயங்கி விழுந்துட்டாங்க. அவரைத் தலைநகரத்துக்கு அனுப்பி வைக்கத்தானே முப்பத்தஞ்சு வருஷமா ஓட்டுப் போடறோம்!" என்றார் தலைமையாசிரியை.

அவர் கதவோரமாக ஒதுங்கிக்கொண்டார்.

"நல்லவேளை, காலையிலேயே போன் பண்ணி எங்களை வரச் சொன்னீங்கம்மா" என்றார் மருந்துக்கடைக்காரர்.

"பின்ன என்ன? நீங்களாவது கதவைச் சாத்திக்கலாம்" என்றாள் எம்.எல்.ஏ.வின் மனைவி. "நான் எங்க போவேன்?"