மங்காத விளக்கு

பொழுது சாய்ந்ததும் மலைமேல் லேசர் ஒளி எழும். அது மின்சாரத்தை இழுப்பதால் தெருவில் அத்தனை விளக்கும் மங்கும். திரும்பி வரும் விண்கலம் கப்பல்போல் விரித்திருக்கும் பாயில் அந்த ஒளி மோதினால்தான் அதன் வேகம் குறையும். இல்லையென்றால் பூமியைத் தாண்டிப் போய்விடும். செண்பகத்தின் மகள் வான்மதி அதில்தான் இருக்கிறாள்.

இன்று இருட்டியும் விளக்கு மங்கவில்லை. மின்விசிறி தடதடவென்று சுற்றியது.

"அக்கா, இன்னைக்கு கரண்ட் சூப்பரா இருக்கு!" பக்கத்து வீட்டு ரஹீமா சிரித்துக்கொண்டே கிரைண்டரைப் போட்டாள்.

செண்பகம் ஃபேனை அணைத்தாள், ஃபிரிட்ஜை அணைத்தாள், வாசலுக்கு ஓடினாள்.

"எல்லாரும் அணைங்க! மலைக்குக் கரண்ட் போகட்டும்! எம்புள்ள நிக்கணும்!"

ரஹீமாவின் சிரிப்பு நின்றது. கிரைண்டரும் நின்றது. ஒவ்வொரு வீடாக விளக்கை அணைத்தார்கள்.

தெரு முழுக்க இருண்டது. எல்லோரும் மலையைப் பார்த்து நின்றார்கள். அதுவும் இருட்டாகவே இருந்தது.