வந்தவர்கள் பட்டியல்

"இன்னைக்காவது எழுதாம இருக்கக் கூடாதா?"

இறந்துபோன எழுத்தாளரின் மகள் தெருவைக் கடந்துபோய்க் கேட்டே விட்டாள். எதிர்ச்சாரியில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்த உளவுத்துறைக்காரர் நோட்டிலிருந்து தலையைத் தூக்கினார்.

"உத்தரவும்மா. சாவுக்கு வர்றவங்க பேரு, விலாசம் எல்லாம் சாயங்காலத்துக்குள்ள போயாகணும்."

"உங்களைப் பார்த்துட்டுத்தான் எல்லாரும் தெருமுனையோட திரும்பிப் போறாங்க."

"தெரியுதும்மா" என்றவர் மறுபடி குனிந்துகொண்டார்.

நாலு வருஷமாக அதே ஸ்டூல், அதே மாதிரி நோட்டு. அரசாங்கம் ஜனங்களின் வாயைக் கட்டுகிறது என்று அப்பா எழுதிய ஒரு புத்தகத்துக்கு ஒன்றரை வருஷம் சிறை. வெளியே வந்தபோது நோயும் இந்த ஸ்டூலும் கூடவே வந்தன. நலம் விசாரிக்க வந்த இரண்டு ஆசிரியர்களுக்கு மறுமாதமே வேலை போயிற்று. அதற்குப் பிறகு ஈ, காக்கைகூட வீட்டுப் பக்கம் வரவில்லை.

சவ வண்டி வந்து நின்றது. வீடு மூன்றாவது மாடி, லிப்ட் கிடையாது. சவப்பெட்டியைத் தூக்க மருமகன், வண்டி டிரைவர், அந்தப் புத்தகத்தை அச்சடித்த அச்சகக்காரர். அவ்வளவுதான்.

"மூணு பேரால இந்தப் படியில இறக்க முடியாது. இன்னொரு ஆள் வேணும்" என்றார் டிரைவர்.

மருமகன் கீழ்வீடுகளின் கதவைத் தட்டிப் பார்த்தான். உள்ளே பாடிக்கொண்டிருந்த ரேடியோ நின்றது. கதவு திறக்கவில்லை.

ஊருக்கெல்லாம் சேர்த்து எழுதினவருக்கு, தூக்க நாலு பேர் தேறவில்லை. மாடிக்குத் திரும்பியிருந்த மகள் ஜன்னல் வழியே கீழே பார்த்தாள். உளவுக்காரர் நோட்டில் ஏதோ எழுதினார். மூடினார். எழுந்து தெருவைக் கடந்து மாடியேறி வந்தார்.

"இதைக் கொஞ்சம் பிடிம்மா."

நோட்டை அவள் கையில் திணித்துவிட்டுப் பெட்டியின் ஒரு மூலையில் குனிந்தார்.

"நீங்க தொடாதீங்க" என்றாள் மகள்.

பெட்டியின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்த அம்மா நிமிர்ந்தாள். "விடுடி. நாலு வருஷமா அப்பா எங்க போனாலும் பின்னாடியே போனவர்தானே. இன்னைக்கு ஒருநாள் கூடப் போகட்டும்."

பெட்டி மெல்லப் படியிறங்கியது. மகள் பின்னாலேயே போனாள். அச்சகக்காரருக்குப் பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் இரண்டு. அச்சகத்துக்குச் சீல் வைத்தால் அந்தக் குடும்பம் என்ன ஆகும்? அவர் பெயர் இருக்கிற பக்கத்தைக் கிழித்துவிடலாம் என்று பாதிப் படியில் நின்று நோட்டைப் பிரித்தாள்.

இன்றைய தேதி. கீழே, 'சாவுக்கு வந்தவர்கள்'.

ஒரே ஒரு பெயர்தான் இருந்தது. அவள் கேள்விப்படாத பெயர். பக்கத்தில், விலாசம் இருக்கவேண்டிய இடத்தில், காவலர் எண்.